இரண்டாம் எதிரி

ஜனவரி 9

ஐயா,

இந்தக் கடிதத்தை நீங்கள் அப்படியே போலீசிடம் கொடுத்தால் என் ஜாமீன் ரத்தாகிவிடும். புகார்தாரரை நேரிலோ போனிலோ ஆள்விட்டோ தொடர்புகொள்ளக் கூடாது என்பது நிபந்தனை. கடிதம் என்ற சொல் அதில் இல்லைதான். அந்தச் சந்தில் நுழைந்து தப்பித்துவிடலாம் என்று நினைக்கிற அளவுக்கு நான் விவரம் தெரியாதவள் இல்லை. தெரிந்தேதான் எழுதுகிறேன்.

உங்கள் வீட்டில் குடியிருப்பவள் நான். போன வருஷம் அதை விலைக்கு வாங்கினேன். விற்றவர் நீங்கள் என்று நினைத்து வாங்கினேன். நீங்கள் இல்லை என்று எனக்குத் தெரிந்த காலையில் இரண்டு பெண் போலீஸ் வாசலில் நின்றார்கள். நான் பல் தேய்த்துக்கொண்டிருந்தேன். "வாயைக் கொப்புளிச்சிட்டு வாங்க, அவசரமில்ல" என்றார் மூத்தவர். அன்றைக்குக் கிடைத்த கடைசி மரியாதை அது. பதினோரு நாள் உள்ளே இருந்தேன்.

வானிலை நிலையத்தில் வேலை எனக்கு. மேகம் பார்ப்பது, மழை அளப்பது, காற்றின் திசையைக் குறிப்பது. ஆபீசில் 'மேகக்காரி' என்று கூப்பிடுவார்கள். இப்போது சஸ்பெண்ட் ஆகியிருக்கிறேன். யாரும் எப்படியும் கூப்பிடுவதில்லை.

நேற்று குற்றப்பத்திரிகை நகல் கைக்கு வந்தது. முதல் எதிரி: அடையாளம் தெரியாத நபர். மூன்றாம் எதிரி: தரகர், தலைமறைவு. நடுவில் என் பெயர், வயது, முகவரியோடு: இரண்டாம் எதிரி. பொய்ப் பத்திரம் தயாரிக்க உடந்தை, ஆள்மாறாட்டத்துக்கு உடந்தை, கூட்டுச் சதி, அத்துமீறிக் குடியேறியது. மூன்று பேரில் கையில் அகப்பட்டவள் நான் ஒருத்திதான். உங்களை நான் பார்த்ததுகூட இல்லை. பார்க்காத ஒருவருக்கு எப்படி எதிரி ஆனேன் என்று அந்தக் காகிதத்தையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

உங்கள் முகவரி புகாரில் இருந்தது. கேட்பதற்கு ஒன்றுமில்லை. நான் ஏமாற்றவில்லை என்பதை உங்களிடமே ஒரு முறை சொல்லிவிட வேண்டும். அவ்வளவுதான்.

இப்படிக்கு,
இரண்டாம் எதிரி


பிப்ரவரி 2

அம்மா,

உங்கள் கடிதம் துறைமுக ஆபீசில் மூன்று வாரம் கிடந்துவிட்டு என்னிடம் வந்தது. கடலுக்கடியில் கேபிள் போடும் கப்பலில் என்ஜின் பார்க்கிறவன் நான். கரைக்கு வந்தால்தான் எங்களுக்குத் தபால்.

போலீசிடம் கொடுக்கவில்லை. கொடுக்க மாட்டேன் என்றும் சொல்லவில்லை.

உங்களுக்குப் பதினோரு நாள். என் கதையைக் கேளுங்கள். இரண்டு வருஷம் கழித்து லீவில் வருகிறேன். பெட்டியைக் கீழே வைத்துவிட்டு என் வீட்டுப் பூட்டில் என் சாவியைப் போட்டுத் திருகுகிறேன். திரும்பவில்லை. சாவிதான் தேய்ந்துவிட்டது என்று துடைத்துத் துடைத்துப் போட்டேன். பிறகுதான் பார்த்தேன், பூட்டே புதுசு. மாடிக் கொடியில் யாருடைய துணியோ காய்கிறது. எதிர்வீட்டுக்காரர் எட்டிப் பார்த்து, "யார் வேணும் உங்களுக்கு?" என்று கேட்டார். என்னைப் பார்த்து! அங்கிருந்து நேரே ஸ்டேஷனுக்குப் போனேன்.

வில்லங்கம் பார்த்திருப்பீர்கள். மூலப் பத்திரம், அடையாள அட்டை எல்லாம் கேட்டிருப்பீர்கள். "தெரியாமல் வாங்கிவிட்டேன்" என்று சொல்வது யாருக்கும் சுலபம். விலை கொஞ்சம் இறங்கி வந்தால் கண்ணை மூடிக்கொள்கிறவர்கள் எத்தனையோ பேர். நீங்கள் எந்த ரகம் என்று எனக்கு எப்படித் தெரியும்?

அந்த ஆள் உங்களை எப்படி நம்பவைத்தான்? என்னவெல்லாம் சொன்னான்? அதை எழுதுங்கள். மற்றதை அப்புறம் பார்க்கலாம்.

புகார்தாரர்


பிப்ரவரி 20

ஐயா,

விலை இறங்கவில்லை. சொன்ன விலைக்கே வாங்கினேன். எனக்குப் பேரம் பேச வராது. வில்லங்கம் பார்த்தேன், சுத்தமாக இருந்தது. இருக்கத்தானே செய்யும், அது உங்கள் வீடு. மூலப் பத்திரங்கள் அவர் கையில் இருந்தன. உங்கள் அம்மா வாங்கியது ஒன்று, உங்களுக்கு எழுதிவைத்தது ஒன்று. அடையாள அட்டையில் உங்கள் பெயர், அவர் முகம். பார்த்துக்கொடுத்த வக்கீல், "தாராளமா வாங்கலாம்" என்றார். இன்று அவர் என் போனை எடுப்பதில்லை.

ஆனால் நான் வாங்கியது காகிதத்தைப் பார்த்து அல்ல.

மூன்று முறை வீடு பார்க்கப் போனேன். இரண்டாம் முறை, பகல் பதினொன்று இருக்கும், மாடியில் அந்தச் சின்ன அறைக்குக் கூட்டிப்போனார். ஜன்னல் கதவுகளைச் சாத்தினார். "கொஞ்சம் பொறுங்க, கண்ணு பழகணும்" என்றார். முன்பின் தெரியாத ஆளோடு இருட்டில் நிற்கிறோமே என்று ஒரு கணம் திக்கென்றது. அப்புறம் எதிர்ச் சுவரில் தெரு வந்தது. தலைகீழாக. மேலே தரை, கீழே வானம். ஒரு சைக்கிள் சக்கரங்களை மேலே வைத்து உருண்டு போனது. குடை பிடித்த ஒரு பெண் உத்தரத்தை ஒட்டிக்கொண்டு சத்தமே இல்லாமல் நடந்தாள். சுவரின் அடியெல்லாம் மேகம். வாழ்நாள் முழுக்கக் கழுத்து வலிக்க நிமிர்ந்து பார்த்த மேகம் என் முழங்காலுக்குப் பக்கத்தில் மிதந்துகொண்டிருந்தது. ஜன்னல் பலகையில் ஒரு சின்ன ஓட்டை. மந்திரம் அவ்வளவுதான்.

"இதைப் போட்டது நான்தாங்க. சின்ன வயசுல. ஒரு ஆணியை வச்சுக் குடைஞ்சு குடைஞ்சு, ஒரு வாரம் ஆச்சு. அம்மா கேட்டப்போ நான் வாயே திறக்கல" என்றார். சொல்லும்போது குரல் தழுதழுத்தது. ஏமாற்றுகிறவன் குரல் அப்படியா தழுதழுக்கும்?

அந்த அறையில் நின்றபடியே முடிவு செய்துவிட்டேன். பதினெட்டு வருஷ உழைப்பை ஒரு சுவருக்காகக் கொடுத்தேன் என்று கோர்ட்டில் சொன்னால் சிரிப்பார்கள். உங்களிடம் சொல்கிறேன்.

இப்போது வேலையில்லாததால் தினமும் பதினொரு மணிக்கு அங்கே போய் உட்காருகிறேன். சில நாள் உட்கார்ந்தபடியே தூங்கிப்போகிறேன். கனவில் தெரு நேராக இருக்கிறது, நான்தான் தலைகீழாக நடக்கிறேன். யாரும் அதைத் தப்பாக எடுத்துக்கொள்வதில்லை.

இரண்டாம் எதிரி


மார்ச் 15

அம்மா,

கேபிள் போடும்போது கப்பல் மனிதன் நடக்கிற வேகத்தில்தான் போகும். பின்பக்கம் நின்று பார்த்தால் கயிறு தண்ணீருக்குள் இறங்கிக்கொண்டே இருக்கும். எங்கே போய்ப் படுக்கிறது என்று யாருக்கும் தெரியாது. மூன்று கிலோமீட்டர் ஆழம் என்பார்கள். நாள்கணக்கில் அதையே பார்த்துக்கொண்டிருந்தால் விழித்திருக்கிறோமா தூங்குகிறோமா என்று குழம்பிவிடும். உங்கள் கடிதத்தை அங்கே நின்றுதான் படித்தேன். படித்து முடித்ததும் இன்னொரு முறை படித்தேன்.

அந்த அறையை நான் மறந்தே போயிருந்தேன். வீடு என்றால் எனக்குப் பூட்டும் வரி ரசீதும்தான் ஞாபகத்துக்கு வரும். உள்ளே ஒரு தெரு ஓடிக்கொண்டிருந்ததே, அது எப்படி மறந்தது?

அவன் இளைத்திருந்தானா? படி ஏறும்போது இன்னும் இடது காலை இழுத்துத்தான் வைக்கிறானா? அந்த ஓட்டைக்காக அடி வாங்கியது யார் என்று சொன்னானா?

வேறு எதுவும் எழுதத் தோன்றவில்லை.

புகார்தாரர்


ஏப்ரல் 3

ஐயா,

உங்கள் கடிதத்தில் ஒரு கால் இருக்கிறது. நான் காலைப் பற்றி எழுதவே இல்லை.

கண்ணில் பட்டதைக் குறிப்பதும் படாததைக் குறிக்காமல் விடுவதும்தான் என் வேலை. எனவே உறுதியாகச் சொல்வேன். அவர் இடது காலை இழுத்து நடந்தார் என்பது உண்மை. அதை நான் போலீசில் சொல்லியிருக்கிறேன், வக்கீலிடம் சொல்லியிருக்கிறேன், உங்களுக்கு எழுதவில்லை. 'இன்னும்' என்று வேறு கேட்கிறீர்கள்.

பத்திரத்தில் ஒட்டிய போட்டோவை உங்களிடம் போலீஸ் காட்டாமல் இருந்திருக்காது. பார்த்துவிட்டுத்தானே 'அடையாளம் தெரியாத நபர்' என்றீர்கள்?

யார் அவர்?

விசாரணை தொடங்கும் முன்பே என்னை வழக்கிலிருந்து விடுவிக்கச் சொல்லி மனு போட்டிருக்கிறோம். ஜூன் 18 அன்று எடுத்துக்கொள்கிறார்கள். "முதல் எதிரி யாருன்னே தெரியாதவரைக்கும் உங்களுக்கும் அவனுக்கும் சம்பந்தமில்லன்னு எப்படிம்மா நிரூபிக்கிறது?" என்று என் வக்கீல் தலையைச் சொறிகிறார். உங்கள் கடிதத்தை அவரிடம் இன்னும் காட்டவில்லை. ஏன் காட்டவில்லை என்று எனக்கே புரியவில்லை. என் கடிதம் உங்களிடம் இருக்கிறது, உங்கள் கடிதம் என்னிடம் இருக்கிறது.

இரண்டாம் எதிரி


மே 4

அம்மா,

என் தம்பி. எனக்கு ஐந்து வயது இளையவன். வீட்டில் சின்னவன் என்போம்.

ஆறு வயதில் மாடிப்படியில் உருண்டு விழுந்தான். விளையாட்டில் துரத்தியது நான். எட்டு மாதம் காலில் கட்டோடு அந்த அறையில் கிடந்தான். வெளியே போக முடியாதவன், தெருவை உள்ளே வரவழைத்துக்கொண்டான். நல்ல பலகையைக் கெடுத்தது யார் என்று அம்மா கேட்டபோது நான் என்று சொல்லி அடி வாங்கினேன். அவனை அடித்திருக்க மாட்டாள். அவனோடு பேச்சை நிறுத்தியிருப்பாள். அடியைவிட அது மோசம்.

அம்மாவின் கடைசி மூன்று வருஷம் கூட இருந்து பார்த்துக்கொண்டவன் அவன். மலம் மூத்திரம் அள்ளியவன் அவன். வீட்டை அம்மா என் பெயருக்கு மட்டும் எழுதிவைத்தாள். "இவன் கையில எது குடுத்தாலும் கரைஞ்சு போயிடும்" என்று ஊரெல்லாம் சொல்வாள், அவன் ஊட்டிய கஞ்சியைக் குடித்துக்கொண்டே. காரியம் முடிந்த அன்றைக்கு, "பாதி உனக்கு எழுதித் தரேன்டா" என்றேன். "பிச்சை வேண்டாம்" என்று போய்விட்டான். வீட்டின் மூலப் பத்திரங்களையும் எடுத்துக்கொண்டு போயிருக்கிறான் என்பது எனக்கு அப்போது தெரியாது. நானும் கப்பலுக்கே திரும்பிவிட்டேன். அவனைப் பார்த்து பன்னிரண்டு வருஷம்.

ஆத்திரத்தில் புகார் கொடுத்தபோது எவனோ ஒரு திருடன் என்றுதான் நினைத்தேன். மூன்றாம் நாள் இன்ஸ்பெக்டர் பத்திர நகலை நீட்டினார். என் பெயருக்குப் பக்கத்தில் சின்னவனின் முகம். நரைத்துப் போயிருந்தான். "யார் சார் இது, தெரியுதா?" என்றார். "தெரியாது" என்றேன்.

ஒரு சொல். அந்தச் சொல்லால் முதல் எதிரியின் இடம் காலியாகிவிட்டது. பக்கத்தில் நீங்கள் நின்றுகொண்டிருந்தீர்கள். உங்களைக் கைது செய்வார்கள் என்று நான் நினைக்கவில்லை என்று எழுத வந்தேன். உண்மை அதுவல்ல. அதை நினைக்காமல் இருக்கப் பார்த்துக்கொண்டேன்.

அவனை என் கையால் பிடித்துக் கொடுக்க முடியவில்லை. இந்தக் கடிதத்தை நீங்கள் கோர்ட்டில் கொடுத்தால் நான் மறுத்துப் பேச மாட்டேன். புகார்தாரர் என்று கையெழுத்துப் போடக் கூச்சமாக இருக்கிறது.


மே 19

ஐயா,

முதலில் கிழிக்கப் போனேன். கிழித்தால் எனக்குத்தான் நஷ்டம் என்று பெட்டியில் வைத்துப் பூட்டினேன். நான்கு நாள் கழித்துத் திறந்து எழுதுகிறேன்.

பதினோரு நாள் என்று சும்மா எழுதிவிட்டேன் அன்று. பதினாறு பேர் ஒரு அறையில். ஒருத்தி திரும்பிப் படுத்தால் எல்லோரும் திரும்ப வேண்டும். நிலையத்தில் நாங்கள் வானத்தை எட்டுப் பங்காகப் பிரித்து, எத்தனை பங்கு மேகம் என்று குறிப்போம். அங்கே ஒரு பங்குகூடத் தெரியவில்லை. சுவரைப் பார்த்து மேகம் எழுதிக்கொண்டிருந்தேன், மனசுக்குள். பக்கத்தில் படுத்திருந்தவள், "என்னக்கா முணுமுணுக்கிறே?" என்றாள். "மழை வராது" என்றேன். அவள் பாவமாகப் பார்த்தாள்.

என் அக்காதான் ஜாமீனுக்குக் கையெழுத்துப் போட்டாள். போட்டுவிட்டு, ஜெயில் வாசலில் என் கையைப் பிடித்துக்கொண்டு, "உண்மையைச் சொல்லுடி, நிஜமாவே உனக்கு எதுவும் தெரியாதா?" என்று கேட்டாள். கூடப் பிறந்தவள். நீங்கள் இன்ஸ்பெக்டரிடம் சொன்ன ஒரு சொல் அங்கிருந்து கிளம்பி என் அக்காவின் வாய்வரைக்கும் வந்துவிட்டது பாருங்கள்.

இதற்குக் கீழே எழுதப்போவதை என் வக்கீல், "செத்தாலும் வெளியே சொல்லாதீங்க" என்றிருக்கிறார். உங்களுக்குச் சொல்லக் கூடாது என்பது சொல்லாமலே விளங்கும்.

அக்கா கேட்டபோது நான் உடனே பதில் சொல்லவில்லை. ஏனென்றால் பத்திரப்பதிவு அன்று ஒன்று நடந்தது. நானும் உங்கள் தம்பியும் பெஞ்சில் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தோம். உள்ளேயிருந்து குமாஸ்தா உங்கள் பெயரைக் கூப்பிட்டார். உங்கள் தம்பி ஜன்னல் வழியாக வெளியே பார்த்துக்கொண்டிருந்தார். குமாஸ்தா இரண்டாம் முறை கூப்பிட்டார். அசையவில்லை. நான்தான் அவர் தோளைத் தொட்டு, "உங்களைத்தான் கூப்பிடுறாங்க" என்றேன். இது இவர் பெயர்தானா என்று அப்போது எனக்குள் ஒரு சந்தேகம் வந்தது. சத்தியமாக அது ஒரு கணம்தான். பிறகு, அம்மா வீட்டை விற்கிற துக்கம் பாவம் என்று நானே அதற்கு ஒரு காரணம் கண்டுபிடித்துக் கொடுத்தேன். அந்த வீடு எனக்கு வேண்டும், அவ்வளவு வேண்டும்.

அது தெரிந்ததில் சேருமா? சில மத்தியானங்களில் அந்த அறையில் உட்கார்ந்திருக்கும்போது, நான்தான் எல்லாவற்றையும் திட்டம்போட்டுச் செய்தேனோ என்றுகூட வருகிறது. ஒரு பொய்யை ஆறு மாதம் எல்லோரும் நம்முடைய பெயர் சொல்லிப் படித்தால், நமக்கே அது நடந்த மாதிரி ஆகிவிடுகிறது.

உங்கள் கடிதத்தைக் காட்ட மாட்டேன். இது இரக்கம் இல்லை. நீங்களாகப் போய்ச் சொன்னால் அது சொல்வது. நான் காட்டிச் சொல்லவைத்தால் அது பிடிபடுவது. பிடிபட்டவர்களோடு பதினோரு நாள் இருந்தவள் நான், வித்தியாசம் தெரியும்.

ஜூன் 18க்கு இன்னும் ஒரு மாதம் இருக்கிறது.


ஜூன் 13

அம்மா,

உங்கள் கடிதம் கைக்கு வந்த அன்றே கப்பலை விட்டு இறங்கிவிட்டேன். கேப்டன் வாய்க்கு வந்தபடி திட்டினார். சரியாகத்தான் திட்டினார்.

அம்மாவின் காரியத்துக்கு வந்திருந்த ஒரு பழைய சிநேகிதரைப் பிடித்து, அவர் மூலம் இன்னொருவரைப் பிடித்து, சின்னவன் இருக்கும் ஊரைக் கண்டுபிடித்தேன். கண்ணாடி அறுக்கிற கடை வைத்திருக்கிறான். உங்கள் பணம்தான் அந்தக் கடை. உள்ளே நுழைந்ததும் நாலாபக்கமும் நிலைக்கண்ணாடிகள். அவனைப் பார்ப்பதற்கு முன்னால் அவன் முதுகைப் பத்து இடத்தில் பார்த்தேன். அவனும் என்னைக் கண்ணாடியில்தான் பார்த்தான். திரும்பவில்லை.

"தினமும் போலீஸ் வரும்னு பாத்துக்கிட்டு இருந்தேன். நீ வந்திருக்கே" என்றான்.

"போலீஸ் வராது. உன்னைத் தெரியாதுன்னு சொல்லிட்டேன்."

"ஏன்?"

"பாதி தரேன்னு அன்னிக்கே சொன்னேனேடா" என்றேன்.

"ஒரு தடவை சொன்னே. நானும் ஒரு தடவைதானே வேண்டாம்னேன்?"

அவன் ஒரு கண்ணாடியில் கோடு போட்டுக்கொண்டிருந்தான். "உனக்குப் பதிலா அந்தம்மாவைப் பிடிச்சிட்டாங்க. பதினோரு நாள் ஜெயில்ல இருந்தாங்க. வேலையும் போயிருக்கு" என்றேன். கோடு பாதியில் நின்றது.

"எந்தம்மா? மேகம் பாக்கிறவங்களா?" அப்போதுதான் திரும்பினான். "அவங்களை எதுக்கு? அவங்களுக்கு என்ன தெரியும்? என்னைத்தானே தேடுவாங்கன்னு இருந்தேன்!"

"வாங்கினவங்களுக்குத் தெரியாமலா இருக்கும்னு கேக்கிறாங்க."

"அண்ணா, அவங்ககிட்ட நான் நிஜமா சொன்னது ஒண்ணே ஒண்ணுதான். அந்த ஓட்டை. அதைக் கேட்டுத்தான் வாங்கினாங்க." பிறகு அவன் கைகளைப் பார்த்துக்கொண்டே சொன்னான்: "உன் கையெழுத்தைப் போட ரெண்டு மாசம் பழகினேன். இப்ப என் கையெழுத்து எனக்கு வரமாட்டேங்குது."

நான் அவனை வா என்று சொல்லவில்லை. அவனே கையைக் கழுவினான், கடையை அடைத்தான், சாவியைப் பக்கத்துக் கடையில் கொடுத்தான். பஸ்ஸில் ஏழு மணி நேரம். என் தோளில் சாய்ந்து வாயைத் திறந்துகொண்டு தூங்கினான். வெளியே வெயிலில் வயல்களும் மின்கம்பங்களும் போய்க்கொண்டே இருந்தன. இந்தப் பஸ் எங்கேயும் நிற்க வேண்டாம் என்று இருந்தது எனக்கு.

நேற்று ஸ்டேஷனில் முதலில் நான் பேசினேன். "போட்டோவில் இருப்பது என் தம்பி. தெரியாதென்றது பொய்." இன்ஸ்பெக்டர் மேஜையைத் தட்டினார். என்மேலும் வழக்கு வரலாம் என்றார், வரட்டும் என்றேன். பிறகு சின்னவன் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னான். தரகர் வழியாக அட்டை செய்ததிலிருந்து, உங்களுக்கு ஒன்றும் தெரியாது என்பதுவரை. அதை மட்டும் மூன்று முறை சொன்னான். எழுதுகிறவர், "ஒரு தடவை போதும்பா" என்றார்.

வாக்குமூலங்கள் கோர்ட்டுக்குப் போய்விட்டன. உங்கள் வக்கீலை நகல் வாங்கச் சொல்லுங்கள். 18ஆம் தேதி நான் வர முடியாது. அன்றைக்கு இவனை வேறு கோர்ட்டில் நிறுத்துகிறார்கள்.


ஜூன் 19

ஐயா,

விடுவித்துவிட்டார்கள்.

அரை மணி நேரம்கூட ஆகவில்லை. வருஷக்கணக்கில் இழுக்கும் என்று பயந்தது ஒரே பக்க உத்தரவில் முடிந்தது. அரசு வக்கீல் எழுந்து, வாங்குகிறவர் இன்னும் ஜாக்கிரதையாக இருந்திருக்க வேண்டும் என்று ஏதோ சொன்னார். ஜாக்கிரதை இல்லாதது வேறு, குற்றம் வேறு என்று நீதிபதி சொல்லிவிட்டார். அந்தப் பொய்ப் பத்திரத்தை எழுதியதும் கையெழுத்திட்டதும் இவர் இல்லை, விலை கொடுத்து ஏமாந்தவரே இவர்தான், ஏமாந்தவரை ஏமாற்றியவரின் கூட்டாளி என்று சொல்ல இங்கே ஒரு ஆதாரமும் இல்லை என்றார்.

அத்தோடு நான் வாயை மூடிக்கொண்டு இறங்கியிருக்க வேண்டும். "ஐயா, ஒண்ணு சொல்லணும்" என்றேன். என் வக்கீல் என் கையைப் பிடித்து இழுத்தார். பத்திரப்பதிவு அன்று பெயரைக் கூப்பிட்டபோது உங்கள் தம்பி எழாததையும், நான் தோளைத் தொட்டதையும், எனக்கு வந்த சந்தேகத்தையும் சொன்னேன். வக்கீலுக்கு முகத்தில் ரத்தமே இல்லை.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "பேரைக் கூப்பிட்டதும் எந்திரிக்காதவங்களை எல்லாம் சந்தேகப்படணும்னா, இந்தக் கட்டடத்துல பாதிப் பேரை உள்ளே போடணும்மா. போய்ட்டு வாங்க" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். வெளியே வந்து படியில் உட்கார்ந்து அழுதேன். அக்கா வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். கேட்டதற்கு மன்னிப்புக் கேட்கவில்லை. என் தலையை மட்டும் தடவிக்கொண்டே இருந்தாள்.

வீடு உங்களுடையது. பொய்ப் பத்திரத்தால் எனக்கு எதுவும் வந்து சேராது, இது எனக்கே தெரிகிறது. இந்த மாதக் கடைசியில் காலி செய்து சாவியை வக்கீலிடம் கொடுத்துவிடுகிறேன். உங்கள்மேல் கோபம் போய்விட்டதா என்று கேட்காதீர்கள். எட்டில் மூன்று பங்கு இருக்கிறது. காற்றடித்தால் போகலாம்.

உங்கள் தம்பிக்கு வெயில் படுகிற அறையாகக் கொடுத்திருக்கிறார்களா?


ஆகஸ்ட் 23

அம்மா,

கப்பல் வேலையை விட்டுவிட்டு இந்த வீட்டில் இருக்கிறேன். சின்னவனை வாரம் ஒரு முறை போய்ப் பார்க்கிறேன். வெயில் படுகிறது என்றான். நீங்கள் கேட்டீர்கள் என்று சொன்னபோது தலையைக் குனிந்துகொண்டான். தண்டனை இரண்டு மூன்று வருஷம் வரும் என்கிறார்கள். என்மேல் போட்ட வழக்குக்கு அபராதம் கட்டினேன்.

வக்கீலிடம் பேசிவிட்டேன். இந்த வீட்டில் பாதி சின்னவனுடையது என்று பன்னிரண்டு வருஷமாக எனக்குத் தெரியும். நீங்கள் கொடுத்த விலை அவனிடம் சேர்ந்துவிட்டது, என் பாதியை நான் அவனிடம் கேட்கப்போவதில்லை. குறைவது என் கையெழுத்து மட்டும்தான். அதைப் போட்டுத் தருகிறேன். பத்திரம் உங்கள் பெயருக்கு, சரியான ஆள் போட்ட பத்திரம். தானம் இல்லை. நீங்கள் வாங்கியதைக் கையில் கொடுக்கிறேன். யோசித்துச் சொல்லுங்கள்.

இதையெல்லாம் நிதானமாக எழுதி நாளைக்குத் தபாலில் போடலாம் என்றுதான் இருந்தேன். ஆனால் இன்று காலை சமையலறைக் குழாய் சொட்டிக்கொண்டிருந்தது. இருபத்தாறு வருஷம் கப்பல் என்ஜின் பார்த்தவன், இது என்ன பெரிய விஷயம் என்று படிக்கட்டுக்கடியில் இருந்த வால்வைத் திருகினேன். அது கையோடு வந்துவிட்டது. இப்போது கூடம்வரை தண்ணீர். வீட்டில் இருக்கிற எல்லாப் பாத்திரமும் நிரம்பிவிட்டது. எதிர்வீட்டுக்காரர், "அந்தம்மாவைக் கேளுங்க, அவங்களுக்குத்தான் இந்த வீடு தெரியும்" என்கிறார்.

மெயின் வால்வு எங்கே இருக்கிறது? உங்களுக்கு வேலை திரும்பக் கிடைத்துவிட்டது என்று உங்கள் வக்கீல் சொன்னார். அதனால் இதை உங்கள் ஆபீஸ் காவலாளியிடம் கொடுத்துவிட்டு கேட்டில் நிற்கிறேன். பேன்ட் முழங்கால்வரை நனைந்திருக்கிறது. மன்னிக்கவும்.


ஆகஸ்ட் 23, மாலை 3.50
(வானிலைக் குறிப்புத் தாளின் பின்பக்கம்)

படிக்கட்டுக்கடியில் இருப்பது மாடிக் குழாயின் வால்வு. அதை யார் உங்களைத் தொடச் சொன்னது? மெயின் பின்வாசலில், மண்ணுக்குள், ஒரு உடைந்த பலகைக்கு அடியில். மற்ற வால்வுகளை மூடும் பக்கம் திருகினால் அது திறந்துகொள்ளும். நீங்கள் போய்த் திருகினால் அதையும் உடைப்பீர்கள்.

பத்திரத்தைப் பற்றி அப்புறம் பேசலாம். ஆபீஸ் மாடியில் இருந்து பார்த்தேன், கேட்டில் ஒருவர் நனைந்துபோய் நிற்கிறார். அங்கேயே நில்லுங்கள். நாலு மணிக் காற்றைக் குறித்துவிட்டு இறங்கி வருகிறேன்.